முருராத்தாவுக்கு ஊற்றாத கோப்பை

உமாபாட்டா,
7 ஜூலை 1991, ஞாயிறு.

என் நிகாசியாவுக்கு,

இந்தக் கடிதம் உன் கைக்கு வருவதற்குள் உன் கோபம் பாதியாவது ஆறியிருக்கும் என்ற தைரியத்தில் எழுதுகிறேன். ஆறவில்லை என்றால் மடித்து வைத்துவிட்டு, ஆறின பிறகு படி. இங்கே எல்லோரும் நலம். உன் கோழிகளும் நலம். புள்ளிக்கோழி மட்டும் என்னைக் கண்டால் ஓடுகிறது. அதற்கும் விஷயம் தெரிந்துவிட்டது போலிருக்கிறது.

விடிவதற்குள் நீ லாரி ஏறிவிட்டாய். பேச வேண்டியதை எல்லாம் எழுத வேண்டியதாகிவிட்டது. புது வீட்டுக்குக் கூரை போட்ட அன்று என்னதான் நடந்தது என்று நான் தினமும் யோசிக்கிறேன். கடைசித் தகரம் ஏறியது, வாத்தியக்காரர்கள் ஊதினார்கள். வீட்டுக்கு வந்த மருமகள்தான் முதல் கோப்பைச் சோளமதுவை மண்ணில் ஊற்றி மலைகளைக் கூப்பிட வேண்டும் என்று காசியானோ பெரியவர் உன் கையில் கோப்பையைக் கொடுத்தார். பக்கத்து மலையில் ஆரம்பித்துத் தூரத்து மலையில் முடிப்பதுதான் முறை. நீ கண்ணை மூடிக்கொண்டு கணீரென்று ஆரம்பித்தாய், 'சஹாமா தாத்தா!' என்று. அடுத்தது பரினாகோட்டா, அதற்கடுத்தது பொமராப்பே, எல்லாம் உன் ஊர்ப் பக்கத்து மலைகள். கடைசியில் போனால் போகிறதென்று இல்லிமானிக்கு இரண்டு சொட்டு. கோப்பை காலி. எங்கள் தலைக்கு மேலேயே நிற்கிற முருராத்தாவின் பேர் உன் வாயில் வரவே இல்லை.

கூடியிருந்த நூறு பேரும் மலையை நிமிர்ந்து பார்த்தார்கள். சூப் ஆறுவதற்குள் காற்று வந்து, மேற்கு ஓரத்துத் தகரம் மூன்றையும் பிடுங்கி லாமாப் பட்டிக்குள் எறிந்தது. அதற்குப் பிறகு அம்மாவைப் பிடித்து நிறுத்த யாரால் முடியும்? 'சீதனமா ஒரு மலையக் கொண்டாந்திருக்கா! அது அடியிலயே போய்ப் படுத்துக்கச் சொல்லு!' என்றாள். அம்மாவின் வாய் உனக்குத் தெரியாததா? நாலு நாளில் அவளே மறந்துவிடுவாள்.

ஆகஸ்டு முதல் தேதிக்குள் நீ வந்து மறுபடி ஒரு கோப்பை ஊற்றினால் எல்லாம் சரியாகிவிடும் என்று காசியானோ கோக்கா இலை போட்டுக் குறி பார்த்துச் சொல்லிவிட்டார். வந்துவிடு. இப்போது கூரையின் மேற்குப் பக்கம் தார்ப்பாய் கட்டியிருக்கிறேன். நான் அம்மாவின் அடுப்படியில் படுக்கிறேன்.

உன்
சபீனோ


சஹாமா,
14 ஜூலை 1991.

சபீனோவுக்கு,

கடிதம் வந்தது. லாரிக்காரர் அதை முட்டைக் கூடைக்குள் வைத்துக் கொண்டுவந்ததால் ஓரம் எல்லாம் மஞ்சள் கரு. படிக்க முடிந்த வரையில் படித்தேன். அப்பா நலம், அல்பகாக்கள் நலம், ஐந்து குட்டி புதிது. மலையேற வருகிறவர்கள் தங்குகிற விடுதியில் சமையலுக்குச் சேர்ந்திருக்கிறேன். இப்போது ஆறு ஜெர்மன்காரர்கள். பனியில் ஏறுகிற தைரியசாலிகள், மிளகாயைக் கண்டால் அழுகிறார்கள்.

என் தப்பை நான் மறைக்கவில்லை. ஏழு வயதிலிருந்து ஒவ்வோர் ஆகஸ்டும் அப்பாவின் பட்டியில் நின்று சஹாமாவைத்தான் முதலில் கூப்பிட்டிருக்கிறேன். கதவைத் திறந்தால் எதிரே அதுதான் நிற்கும். உங்கள் முருராத்தாவை எங்கள் ஊரிலிருந்து யார் பார்த்தது? கோப்பை கைக்கு வந்ததும் நாக்கு பழகின வழியில் போய்விட்டது. அதற்காக முருராத்தாவிடம் எப்போது வேண்டுமானாலும் மன்னிப்புக் கேட்பேன். ஒன்று மட்டும் உன் ஊர்க்காரர்களுக்கு ஞாபகப்படுத்து. இல்லிமானிக்கும் முருராத்தாவுக்கும் சண்டை வந்து, இல்லிமானி கவண்கல்லால் முருராத்தாவின் தலையை அடித்துப் பறக்கவிட்டதே, அந்தத் தலை விழுந்த இடம்தானே சஹாமா? நான் உங்கள் மலையின் தலைக்குத்தான் முதலில் ஊற்றினேன். சாப்பாடு தலையில் இருக்கிற வாய்க்குத்தானே போக வேண்டும், கழுத்துக்கா?

இது விளையாட்டு. இனி விளையாட்டு இல்லை. உன் அம்மா பேசியது எனக்குப் பெரிதாகப் படவில்லை. எங்கள் ஊர்க் கிழவிகள் அதைவிட நன்றாகவே பேசுவார்கள். உன் அம்மா பேசிக்கொண்டிருந்தபோது நீ ஏணியைப் பிடித்துக்கொண்டு உன் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தாய். நான் உன் முகத்தைப் பார்த்தேன், நீ நிமிரவில்லை. அதுதான் என்னை லாரி ஏற்றியது.

அன்று நீ சொல்லாமல் விட்டதை என்றைக்குச் சொல்கிறாயோ, அன்றைக்கு வருகிறேன். அது ஆகஸ்டானாலும் சரி, அடுத்த ஆகஸ்டானாலும் சரி.

நிகாசியா


உமாபாட்டா,
28 ஜூலை 1991.

அன்பு நிகாசியாவுக்கு,

நீ சொன்னது உறைத்தது. அன்றைக்கு உன் மலைக்காக நான் ஒரு வார்த்தை பேசியிருக்க வேண்டும். இப்போது பேச ஆரம்பித்துவிட்டேன், நிறுத்த மாட்டேன்.

முதல் வேலையாக உன் தலை வாதத்தைக் காசியானோவிடம் கொண்டுபோனேன். கோக்கா இலையை வாயில் ஒதுக்கிக்கொண்டு ரொம்ப நேரம் யோசித்தார். 'மருமக கெட்டிக்காரிதான். ஆனா தலை போன எடத்துல தலை. ஒடம்பு இங்க. பனி எறக்குறது ஒடம்பு, ஓடையில தண்ணி விடுறது ஒடம்பு. நீ தலைக்கு ஊத்திப்புட்டு ஒடம்புகிட்ட தண்ணி கேப்பியாக்கும்?' என்றார்.

பள்ளிக்கூட ஆசிரியரை ஊர்க்கூட்டத்துக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அவர் பெரிய தேசப்படத்தைக் கொண்டுவந்து விரித்து, நாலு மூலையிலும் கல் வைத்து, பட்டியலை வாசித்தார். நாட்டிலேயே உயரமானது சஹாமா, ஆறாயிரத்து ஐந்நூற்று நாற்பத்திரண்டு மீட்டர். இல்லிமானி ஆறாயிரத்து நானூற்று முப்பத்தெட்டு. அங்கோஹுமா, இல்லாம்பு, வைனா பொதோசி எல்லாம் ஆறாயிரத்துக்கு மேல். முருராத்தா ஐயாயிரத்து எண்ணூற்று எழுபத்தொன்று என்றதும் கூட்டத்தில் ஒரே சத்தம். எங்கள் மலை ஆறாயிரம் கூட இல்லை என்று சொல்ல ஆசிரியருக்கு யார் அதிகாரம் கொடுத்தது என்று கேட்டார்கள். காசியானோதான் அடக்கினார். 'தலை போறதுக்கு முன்னாடி வந்து அளந்திருந்தா தெரிஞ்சிருக்கும்! போனப்புறம் வந்து அளந்துட்டுப் பேசுறாங்க!' என்றார். 'அது ஒசரத்துப் பட்டியலு. நம்மது பக்கத்துப் பட்டியலு. நம்ம நெலத்துல நின்னு கண்ணுக்குத் தெரியுற மலையத்தான் கூப்பிடலாம். தெரியாத மலையக் கூப்பிட்டா, தெரியுற மலைக்கு மூக்கு மேல கோவம் வரும்.'

நான் விடவில்லை. மேல் மேய்ச்சல் கணவாயில் நின்றால் சஹாமா தெரியும் என்று சொல்லிவிட்டேன். கழுதைகளோடு எத்தனை முறை அங்கே போயிருப்பேன், மேற்கே உப்புக் குவியல் மாதிரி ஒன்று தெரியும். கணவாய் உமாபாட்டா நிலம்தானே? அங்கிருந்து தெரிந்தால் சஹாமாவைக் கூப்பிட உனக்கு உரிமை உண்டு. ஊர் கூடி மேலே போய்ப் பார்ப்பது என்று முடிவாகிவிட்டது. அம்மாவும் வருவாளாம். 'அந்த மலை எப்படி இருக்குன்னு நானும் பாக்குறேன்' என்கிறாள். குரல் நல்லதாக இல்லை.

உன் சபீனோ


சஹாமா,
4 ஆகஸ்டு 1991.

சபீனோவுக்கு,

முதல் தேதி அப்பாவின் பட்டியில் ஊற்றினோம். கோப்பை என் முறை வந்தபோது முருராத்தாவையும் கூப்பிட்டேன். 'அது எங்கம்மா இருக்கு?' என்று அப்பா கேட்டார். கிழக்கே கையைக் காட்டினேன். அந்தப் பக்கம் திரும்பி அவரும் ஒரு வாய் ஊற்றினார்.

கணவாய்க்குப் போகிறீர்களா, போங்கள். அத்தைக்குக் காதை மூடிக் கட்டிவிடு, மேலே காற்று அறுக்கும். ஆனால் சபீனோ, நான் உன்னிடம் கேட்டது மலைக்கு உரிமை அல்ல.

நிகாசியா


உமாபாட்டா,
18 ஆகஸ்டு 1991.

என் நிகாசியாவுக்கு,

ஜெயித்துவிட்டோம்! லாரி கிளம்புவதற்குள் முழுவதும் எழுதிவிட வேண்டும்.

மொத்தம் நாற்பது பேர், இரண்டு கோவேறு கழுதைகள். ஒன்றில் அம்மா, ஒன்றில் சோளமதுக் குடம். குடத்தை ஏற்றிய கழுதைக்குத்தான் எல்லோரும் வழி விட்டார்கள். முதல் நாள் போனபோது மேற்கே ஒன்றுமே தெரியவில்லை. கீழ்நாட்டில் காட்டைக் கொளுத்துகிறார்களாம், அந்தப் புகை வானமெல்லாம். இரண்டாம் நாளும் அதேதான். பத்துப் பேர் வருவதை நிறுத்திவிட்டார்கள். நேற்று மூன்றாம் நாள் காற்று திரும்பி, புகை விலகிவிட்டது. சூரியன் ஏறினதும் அடிவானத்தில் வெள்ளையாக ஒன்று.

'மேகம்' என்றார் காசியானோ. 'மலை' என்றேன் நான். ஆசிரியர் படத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, திசை சரிதான், ஆனால் மேகமும் அந்தத் திசையில் வரலாம் என்றார். படித்தவர்கள் இப்படித்தான். கடைசியில் காசியானோ தீர்ப்புச் சொன்னார்: 'மேகம்னா நகரும். மலைன்னா நிக்கும். உக்காருங்க, பாப்போம்.' உட்கார்ந்தோம், நிகாசியா! முப்பது பேர் வரிசையாக, ஆறின உருளைக்கிழங்கை மென்றுகொண்டு, ஒரு வெள்ளைப் புள்ளியைக் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டு மத்தியானம் வரை உட்கார்ந்தோம். யாராவது 'நகருது!' என்பார்கள். எல்லோரும் எழுந்திருப்போம். இல்லை, அவர் தலை ஆடியிருக்கும். மறுபடி உட்காருவோம்.

கடைசியில் அம்மாதான் எழுந்தாள். தொப்பியைக் கண்ணுக்கு மேல் சரித்துக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தாள். 'என்னய்யா மேகம்? அது கூம்பா நிக்குது, கீழ கறுப்பா பாறை தெரியுது. உங்க கண்ணெல்லாம் எதுக்கு இருக்கு? அது மலைதான்' என்றாள். 'அழகாத்தான் இருக்கு. இருந்தாலும் அதான் எல்லாத்துக்கும் தூரம். கடைசியில சொல்லணும்.' அவள் சொன்ன பிறகு காசியானோவுக்கும் மலையாகத் தெரிந்துவிட்டது. உடனே குடத்தைத் திறந்தார்கள்.

ஆக, முடிந்தது. முருராத்தா முதலில், சஹாமா கடைசியில். ஒருமுறை வந்து முருராத்தாவிடமும் கூரையிடமும் பொறுத்துக்கொள்ளச் சொல்லிவிட்டால் போதும் என்கிறார்கள். எப்போது வருகிறாய்? எந்த ஞாயிறு என்று எழுது, சந்தைக்கே வந்து நிற்கிறேன்.

உன், உன் மலைக்கும் வக்கீலான
சபீனோ


சஹாமா,
25 ஆகஸ்டு 1991.

சபீனோவுக்கு,

உன் கடிதத்தை அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். முப்பது பேர் மேகம் நகருகிறதா என்று உட்கார்ந்திருந்த இடத்தில் அவருக்குப் புரையேறிவிட்டது. அத்தை சொன்னதைக் கேட்டு எனக்குக் கண் நிறைந்தது. அவளிடம் சொல்.

நான் வரவில்லை.

கூரையிடம் நான் ஏன் பொறுத்துக்கொள்ளச் சொல்ல வேண்டும்? முருராத்தாவிடம் கேட்கிறேன், அதற்குக் காரணம் இருக்கிறது. கூரைக்கு நான் என்ன செய்தேன்? நன்றாக யோசித்து எழுது. மூன்று நாள் மலை ஏறினாய். ஏறாமல், வீட்டு வாசலிலேயே நின்று சொல்லியிருக்கக்கூடிய ஒன்று இருக்கிறது.

விடுதிக்காரர் வருஷம் முழுக்க இங்கேயே சமையலுக்கு இருந்துவிடச் சொல்கிறார். செப்டம்பர் முடிவதற்குள் பதில் சொல்ல வேண்டும். எனக்கு இந்த ஊர் பிடிக்கும். வெந்நீர் ஊற்று இருக்கிறது, அல்பகா இருக்கிறது, அப்பா இருக்கிறார். உன்னோடு சேர்ந்து கட்டின வீடும் பிடித்திருந்தது. அதையும் எழுதிவிடுகிறேன்.

நிகாசியா


உமாபாட்டா,
8 செப்டம்பர் 1991.

நிகாசியா,

இந்தக் கடிதத்தில் கோழிச் செய்தி இல்லை.

மேற்கு ஓரத்து மூன்று தகரத்துக்கும் நான் ஆணியே அடிக்கவில்லை. அந்த வரிசைக்கு வந்தபோது வாத்தியக்காரர்கள் வந்துவிட்டார்கள். கீழே பீர்ப்பெட்டியை உடைத்து, 'எறங்குடா சபீனோ, மிச்சத்த நாளைக்கு அடிச்சுக்கலாம்' என்று கூப்பிட்டார்கள். தகரத்தின் மேல் நாலு கல்லை வைத்துவிட்டு இறங்கினேன். சாப்பாட்டுக்குப் பிறகு ஏறி அடித்துவிடலாம் என்றுதான் நினைத்தேன். காற்று அதுவரை பொறுக்கவில்லை.

தகரம் பறந்ததும் எல்லோரும் உன்னைப் பார்த்தார்கள். என்னை ஒருவரும் பார்க்கவில்லை. அது எனக்கு வசதியாக இருந்தது. அந்த வசதிக்காகத்தான் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றேன். உன் மலைக்காக ஊரைத் திரட்டிக்கொண்டு மூன்று நாள் ஏறியதும் அதற்காகத்தான். சஹாமா தெரிகிறதென்று நிரூபிப்பது, இந்த நாலு வரியைச் சொல்வதைவிடச் சுலபமாக இருந்தது. வெட்கமாக இருக்கிறது, நிகாசியா. மலையேறுகிறவர்களுக்குச் சுமை தூக்கப் போய், பனியில் தடுக்கி விழுந்த வெள்ளைக்காரர்களை முதுகில் சுமந்து இறக்கியிருக்கிறேன். என் அம்மாவுக்கு முன்னால் வாயைத் திறக்க எனக்குத் தைரியம் இல்லை.

இன்று காலை ஊர்க்கூட்டத்தில் எழுந்து சொல்லிவிட்டேன். உனக்கு எழுதுவதற்கு முன்னால் அங்கே சொல்ல வேண்டும் என்று தோன்றியது. எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். பிறகு காசியானோ, 'அப்ப ரெண்டு மாசமா நான் முருராத்தாவக் கெஞ்சிக்கிட்டு இருந்தது?' என்று கேட்டார். 'மலை மருமக மேல கோவமாவே இல்லியேடா! என்னைய வேலையத்தவன்னுல்ல நெனச்சிருக்கும்!' எல்லோரும் சிரித்தார்கள். அம்மா சிரிக்கவில்லை. எழுந்து வந்து தொப்பியைக் கழற்றி, ஊர் பார்க்க என் முதுகில் நாலு அடி அடித்தாள். 'ஒரு பொண்ணு மேல என்னையப் பழி போட வச்சிட்டு, ரெண்டு மாசமா என் அடுப்படியிலயே படுத்து என் சோத்தையே தின்னுருக்கியேடா!' என்று கத்தினாள். பிறகு அங்கேயே உட்கார்ந்து அழுதாள். உனக்கு எழுதச் சொன்னது இது: 'நான் பேசினது பேசினதுதான், வாய்க்குள்ள திரும்பப் போகாது. அவ வந்தா மூஞ்சியப் பாத்து மன்னிப்புக் கேக்குறேன். வரலன்னா நானே லாரி ஏறிப் போறேன்.' நிஜமாகவே போவாள். லாரி எத்தனை மணிக்கு என்று மூன்று பேரிடம் விசாரித்துவிட்டாள்.

வளைந்த தகரங்களை அடித்து நிமிர்த்தி வைத்திருக்கிறேன். அன்று மிச்சமான ஆணிப் பையைத் தேடினேன், எங்கே போனதென்றே தெரியவில்லை. இந்த மாதக் கடைசிச் சந்தையில் புதிதாக வாங்கி அடித்துவிடுவேன். நீ வந்தாலும் வராவிட்டாலும் அடிப்பேன்.

விடுதிக்காரருக்கு நீ என்ன பதில் சொன்னாலும் உன்மேல் எனக்குக் குறை இருக்காது. ஆனால் வந்துவிடு என்று ஆயிரம் முறை கேட்கிறேன்.

சபீனோ


சஹாமா,
15 செப்டம்பர் 1991.

என் சபீனோவுக்கு,

ஆணி வாங்காதே. பை என்னிடம் இருக்கிறது.

ஏணிக்குக் கீழே நின்று உனக்கு ஆணி எடுத்துக் கொடுத்தது யார் என்று நினைத்தாய்? நீ இறங்கினபோது பை கனமாக இருந்தது. சாப்பிட்டதும் கேட்பாய் என்று முதுகுத்துணியில் முடிந்து வைத்தேன். தகரம் பறந்தது, அத்தை பேசினாள், பை என் முதுகிலேயே இருந்தது. அவிழ்த்து எல்லோர் முன்னாலும் கொட்டியிருந்தால் அரை நிமிஷத்தில் பேச்சு முடிந்திருக்கும். உன்னைப் பார்த்தேன். நீ சொல்லிவிடுவாய் என்று நினைத்தேன். சாயங்காலம் வரை நினைத்தேன். விடிவதற்குள் லாரி ஏறினேன்.

நான் சொல்லியிருந்தால் நீ மாட்டிக்கொண்டவன் ஆகியிருப்பாய். மாட்டிக்கொண்டவனோடு நான் குடித்தனம் நடத்த முடியாது. நீயாகச் சொல்ல வேண்டும் என்று பதினோரு வாரம் காத்திருந்தேன். ஒவ்வொரு ஞாயிறும் லாரிச் சத்தம் கேட்டால் கையில் இருக்கிற கரண்டியைப் போட்டுவிட்டு ஓடுவேன். கோழிச் செய்தி வரும், மலைச் செய்தி வரும். இந்த மாதக் கடைசி வரை அதுவே வந்திருந்தால் விடுதிக்காரரிடம் சரி என்று சொல்லியிருப்பேன். பேச்சுக்குச் சொல்லவில்லை, சபீனோ, சொல்லியிருப்பேன். உன் கடிதத்தை அடுப்படியில் நின்றபடியே படித்தேன். படித்துவிட்டு நேரே போய் அவரிடம் வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளச் சொன்னேன். ஜெர்மன்காரர்களின் சூப் தீய்ந்துவிட்டது. பாவம், அதையும் நன்றாக இருக்கிறதென்று குடித்தார்கள்.

அத்தையை லாரி ஏற வேண்டாம் என்று சொல். அந்தக் குலுக்கலில் இடுப்பு போய்விடும். நான் வருகிறேன். முதல் வேலையாக முருராத்தாவுக்கு ஊற்றுகிறேன், அது என் கடன். பிறகு அத்தையும் நானும் பேசிக்கொள்கிறோம், நீ குறுக்கே வராதே.

29ஆம் தேதி, ஞாயிறு மத்தியானம் சந்தை முக்கில் இறங்குகிறேன். அப்பா ஒரு அல்பகாக் கிடாவும் இரண்டு மூட்டையும் கொடுக்கிறார், கழுதையோடு வா. வந்ததும் மன்னிப்புக் கேட்கிறேன் என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதுகொண்டு நிற்காதே. அதை வீட்டில் வைத்துக்கொள்ளலாம், ராத்திரி முழுக்க நேரம் இருக்கிறது. முதலில் மூட்டையை இறக்கு. லாரிக்காரர் நிற்க மாட்டார்.

உன்
நிகாசியா